மிதிக்கிறவன் சிரிக்கக்கூடாது

யோகபுரத்தில், பேரின்பத்தாரின் உரக் கொட்டிலில்
படம் ஓடியது என் காலில்.
பின்சில்லு நிலம் தொடாமல் கட்டிய சைக்கிள்,
வார் போட்டு இழுத்த பழைய வான் டைனமோ,
வயிறு வீங்கிய பற்றரி,
அதற்கப்பால் டெக்கும்
ஒரு சாண் கறுப்பு வெள்ளைப் பெட்டியும்.

மிதிக்கிறவன் சிரிக்கக்கூடாது.
சிரித்தால் கால் தளரும்.
கால் தளர்ந்தால்
படம் நாலு மூலையாலும் ஒடுங்கி
நடுவில் சுண்டங்காயாய் நிற்கும்.
முப்பது பேர் என் பரம்பரையைத் தோண்டுவார்கள்.
ஆகவே என்னைச் சுவர் பார்க்க இருத்தினார்கள்.

படங்கள் பேசத் தொடங்கிய புதிதில் எடுத்தவையாம்,
இருபது நிமிசத் துண்டுகள்.
இங்கிலீசு ஒருவருக்கும் தேவைப்படவில்லை.
என் முதுகுக்குப் பின்னால்
சப்.
டொங்.
கிணற்றுக் கப்பிபோல் கிறீச்சிட்டது ஒருவனின் மூக்கு.
வெண்கலமாய் ஒலித்தது இன்னொருவனின் மண்டை.
பிறகு ஒரு விசில்,
மேலிருந்து கீழே, கீழே, இன்னும் கீழே வருகிற விசில்.
கொட்டில் முழுக்க நிலத்தோடு படுத்தது.
நானும்தான், சீற்றிலிருந்து.
விழுந்தது ஒரு பூச்சாடி.
உரப்பையில் ஒட்டிய முகங்களோடு
அன்றைக்குச் சிரித்ததுபோல்
பிறகு அவர்கள் சிரித்துக் கேட்கவில்லை.

சத்தங்களுக்கு நானே ஆள் வைத்தேன்.
சப் என்றால் தொந்திப் பொலிஸ்காரன்.
டொங் என்றால்
ஏணியைத் தோளில் வைத்தபடி திரும்புகிற பெயின்ரர்;
பாவம், வாடகை பாக்கி அவனுக்கு.
புனிதவதியக்கா சிரிப்பு முற்றினால் இருமுவா.
இருமலின் நீளத்தில் விழுந்தவனின் எடை தெரியும்.

ஒரு நாள் சத்தமே இல்லை.
வார் கழன்றதோ என்று குனிந்து பார்த்தேன்.
இல்லை, ஓடிக்கொண்டுதான் இருக்கிறது.
நாலு மிதி, அஞ்சு மிதி.
திடீரெனக் கொட்டில் வெடித்துச் சிரித்தது.
என்ன? என்னவாம்?
கண்ணைத் துடைத்துக்கொண்டு டொமினிக் சொன்னான்:
"ஒண்டுமில்லையடா. அவன் சும்மா பாத்தவன்."

போன கிழமை மாங்குளம் சந்தியில்,
வவுனியா பஸ் பிந்திய நேரம்,
கைபேசியில் தற்செயலாக வந்து நின்றது அதே துண்டு.
பொலிஸ்காரன் ஒல்லி.
பெயின்ரர் என்று ஒருவருமே இல்லை;
டொங் என்றது ஒரு மாமியாரின் தாச்சி.
இத்தனை வருசம் யாருடைய கடனுக்குக் கவலைப்பட்டேன்?

பிறகு அந்த இடம்.
தொப்பியிலிருந்து கஞ்சி வழிய,
அவன் மெல்லத் திரும்பி
நேரே பார்க்கிறான்,
சுவர்ப் பக்கம் இருந்தவனை.

வாங்கின் கீழே என் கால்கள்
மிதித்துக்கொண்டிருந்ததை அப்போதுதான் கண்டேன்.
சிரித்தேன். கால் நின்றது.
படம் ஒடுங்கவில்லை.
பழக்கத்தில் திரும்பிப் பார்த்தேன்.
ஏச ஒருவரும் இல்லை.