பாறை வந்த சத்தம்

ஐந்து அளவுகளில் இடுப்பு கொண்டுபோகிறேன்
ஸ்கூட்டரின் காலடியில் வைத்து.
காவேரிப்பட்டணம் வேகத்தடையில்
டிரேக்குள் டைட்டானியம் ஒருமுறை குலுங்கியது.
எதுவும் ஆகாது.
ஆகாது என்றுதான் விற்கிறேன்.

தருமபுரி பெரியாஸ்பத்திரி, இரண்டாம் தியேட்டர்.
மாதையன், ஐம்பத்தெட்டு, பென்னாகரம் பக்கம்.
பஸ்ஸிலிருந்து இறங்கக் கால் வைத்தார், அவ்வளவுதான்.
விழுந்து முறியவில்லை,
முறிந்த பிறகுதான் விழுந்தார் என்கிறார் மனைவி.

படத்தில் எலும்பு
வெள்ளையடித்த சுவர் மாதிரி.
என்ன உறுதி என்று தோன்றும்.
வேலைக்குச் சேர்ந்த புதிதில்
எனக்கும் தோன்றியிருக்கிறது.

எலும்பின் படிகத்துக்குள் மெல்லிய சுரங்கங்கள் உண்டு.
அதில் நீரின் உடைசல் ஒன்று,
ஒரு ஆக்சிஜன், ஒரு ஹைட்ரஜன்,
நடுவிலிருந்து சற்றே விலகி உட்கார்ந்திருக்கும்.
ஃபுளோரைடு வந்தால் அதை எழுப்பிவிட்டு
நட்டநடுவில் உட்காரும், அளவெடுத்துத் தைத்ததுபோல.
படிகம் கெட்டிப்படும்.
கெட்டிப்பட்டது வளையாது.
வளையாதது
ஒரு பஸ் படிக்கட்டுக்குக் காத்திருக்கும்.

இடுப்புக்குக் கீழே மட்டும் மரத்திருந்தது மாதையனுக்கு.
பச்சைத் திரைக்கு அந்தப் பக்கம் முகம்.
இந்தப் பக்கம் டாக்டர் தில்ஷாத்,
கிண்ணத்தில் திருகு ஏற்ற முதல் துளை.
டிரில் இறங்கியது. பிறகு இறங்கவில்லை.
சத்தம் மட்டும் ஏறிக்கொண்டே போனது.

"பாறை வந்துடுச்சுங்க."

திரைக்கு அப்பாலிருந்து.

"பிட்டு காயுது. அமுக்காதீங்க.
தண்ணி விட்டுத் தூக்கித் தூக்கி எறக்குங்க."

மயக்க மருத்துவர் மானிட்டரைப் பார்த்தார்.
நாற்பத்தேழு டிகிரியில் ஒரு நிமிஷம் நின்றால்
எலும்பு செத்துப்போகும்,
என் கையேட்டில் பதினோராம் பக்கம்,
அதைச் சொல்லத்தான் நானும் வாயெடுத்திருந்தேன்.
நர்ஸ் சலைன் ஊற்றினாள்.
டாக்டர் தூக்கித் தூக்கி இறக்கினார்.
சத்தம் தணிந்தது.

ஊசி போட்டது நரம்புக்கு.
அதிர்வுக்கு யாரும் ஊசி போடவில்லை.
அது இடுப்பிலிருந்து முதுகுத்தண்டு ஏறி
மண்டைக்குள் போய்ப் பேசியிருக்கும்.

"எத்தனை வருஷம் ரிக் வண்டியில?"
"இருவத்தாறுங்க. ஏரியூரு, நல்லம்பள்ளி, பாலக்கோடு, போகாத காடு இல்ல.
எண்ணூறு அடி தாண்டுனா இப்படித்தான் கத்தும்.
தண்ணி பீச்சுனதும் மொதல்ல நாங்கதான் குடிச்சுப் பாப்போம்,
இனிக்குதான்னு."

டாக்டர் கை ஒரு விநாடி நின்றது.
"வேற பிட் குடும்மா" என்றார் என்னிடம்.

என் சரக்கின் மேல் கண்ணுக்குத் தெரியாத துளைகள்.
துளைகளின் மேல் எலும்பின் உப்பையே பூசியிருக்கிறார்கள்.
உடம்பு அதைச் சொந்தம் என்று நம்பி
(நம்பாமலும் இருக்கலாம், வேறு வழியில்லாமலும் இருக்கலாம்)
மூன்று மாதத்தில் உள்ளே வளர்ந்து பிடித்துக்கொள்ளும்.
எந்தத் தண்ணீரைக் குடித்து வளரும்
என்று கையேட்டில் இல்லை.

வெளியே பெஞ்சில் அவர் மனைவி.
ஒகேனக்கல் தண்ணி வருதா என்று கேட்டேன்.
"நாலு நாளைக்கு ஒருக்கா வரும்."
மத்த நாள்?
"மத்த நாளைக்கு அவரு போட்ட போரு இருக்குதே."

சாயங்காலம் பாரம் நிரப்பினேன்.
கிண்ணம் ஒன்று. தண்டு ஒன்று. திருகு இரண்டு.
டிரில் பிட் ஒன்று, மழுங்கல்.
காரணம் என்ற கட்டத்தில் பாறை என்று எழுதி
அடித்துவிட்டு எலும்பு என்று எழுதினேன்.
கம்பெனியில் கேட்பார்கள்.

மிச்சம் நாலு இடுப்போடு திரும்பும்போது
அதே வேகத்தடைக்கு
இந்த முறை பிரேக் பிடித்தேன்.