எச்சம்

டான்யூப் கரையோரச் சிற்றூர்.
பேருந்து நிறுத்தத்துக் கண்ணாடி முழுக்க
கறுப்புக் கரையிட்ட இரங்கல் தாள்கள்:
நாற்பதாம் நாள், ஓராண்டு, ஒன்பதாண்டு.
பேருந்து வரும்வரை
ஸ்த்ராவ்கா அவற்றை எண்ணினாள்.
தொழில் புத்தி.

சோபியாவில் அமைச்சகம் கேட்டிருப்பது ஒரே கேள்வி.
இவ்வூர்ப் பிரசவப் பிரிவை
வைத்துக்கொள்வதா, மூடுவதா.

சென்ற ஆண்டு பதினோரு குழந்தைகள்.
பன்னிரண்டாவது பாதி வழியில், ஆம்புலன்சில் பிறந்தது;
அதை எந்த ஊர்க் கணக்கில் ஏற்றுவதென்று
குமாஸ்தா இன்னும் முடிவெடுக்கவில்லை.
மயக்க மருத்துவர் வியாழன் மட்டும் வருவார்.
வியாழனன்று பிறப்பது உத்தமம்.

மருத்துவச்சி பென்கா கதவைத் திறந்து காட்டினாள்.
இன்குபேட்டருக்குள் குடைமிளகாய் நாற்று.
"சூடு வீணாகப் போகக் கூடாதில்லையா?
பிள்ளை வந்தால் எடுத்துவிடுவேன்."
சொத்தின் மாற்றுப் பயன்பாடு என்று
குறிப்பேட்டில் எழுதி, அடித்தாள் ஸ்த்ராவ்கா.

"மூடிவிட்டால் நீங்களும் ஜெர்மனிக்குப் போய்விடுவீர்களா?"
பென்கா தலையை இடவலமாக ஆட்டினாள்.
இந்த நாட்டில் அதற்கு
ஆம் என்று பொருள்.

இரவு, விடுதி அறை. ரேடியேட்டர் இருமுகிறது.
உழைப்போர் நூறு பேருக்கு
ஓய்வூதியர் எத்தனை பேர்,
வரி எவ்வளவு, கடன் எவ்வளவு,
வெளிநாட்டிலிருந்து வரும் பணம் எவ்வளவு.
அந்தக் கடைசி வரிசையில் எங்கோ
அவள் மகன் மாதந்தோறும் அனுப்பும்
இருநூறு யூரோவும் இருக்கிறது.
வேண்டாம் என்பாள். அனுப்புவான்.
கணக்கெடுப்புப் படிவத்தில் அவன் பெயருக்கு எதிரே
'தற்காலிகமாக ஊரில் இல்லை' என்று நிரப்பியவளும் அவள்தான்.
ராட்டர்டாமில் அவனுக்கு வீட்டுக்கடன் இருக்கிறது.
பூனை இருக்கிறது.

கோடு சரிந்து இறங்குகிறது.
அவள் போட்ட கோடுதான், தவறொன்றும் இல்லை.
இந்த ஊருக்கு அது சொன்னது நான்கு பிறப்பு.
பிறந்தது பதினொன்று.
மாதிரியால் விளக்க முடியாத அந்த ஏழுக்குப்
புள்ளியியலில் எச்சம் என்று பெயர்.
அந்தச் சொல்லுக்கு இன்னொரு பொருளும் உண்டு;
அறிக்கையில் அதற்குப் பத்தி கிடையாது.

மூடலாம் என்றுதான் எழுதினாள்.
இரண்டு ஆம்புலன்சும்
ஒரு நல்ல சாலையும் வந்த பிறகு மூடலாம்.
சாலைக்கு அமைச்சகத்தில் பணமில்லை என்பது
அவளுக்குத் தெரியும்.
பட்ஜெட் அட்டவணையைத் தயாரித்ததே அவள்தான்.