கண்ட விலங்குகள்

கீரிப்பாறைச் சோதனைச்சாவடி, விடிகாலை ஐந்தரை.
எட்டுப் பேர். எட்டு ரசீது கிழித்தேன்.
சென்ட் பூசி வந்த இருவரைக்
குழாயடிக்கு அனுப்பினேன்.
"கரடிக்குக் கண்பார்வை மட்டம்,
மூக்கு அப்படி இல்லை" என்பேன்.
இந்த இடத்தில் சிரிப்பார்கள்;
சிரிக்க ஒரு நிமிடம் விடுவேன்.
பச்சைச் சட்டையில் குத்திய பட்டையில்
பி. சுபலா, சூழல் வழிகாட்டி.
காணிக்காரியா என்று கேட்பார்கள்.
ஆமாம் என்பேன். அதற்கும் ஒரு படம்.

ஜீப் ஓட்டுவது ஞானசிகாமணி அண்ணன்.
ஏறி உட்காருகிறவர்களுக்கு
அவருடைய இடது கன்னம்தான் தெரியும்.
வலது கன்னம் எப்போதும் ஜன்னலுக்கு.

ரப்பர் தோட்டம் முடிகிற இடத்தில் இறங்கினோம்.
சிரட்டைகளில் பால் பாதி நிறைந்திருந்தது,
மீதியில் ராத்திரி மழை.
அண்ணன் வண்டியோடு நின்றுகொண்டார்.
அவர் எப்போதும் அங்கேதான் நிற்பார்.

பிளந்து கிடந்த புற்றைக் காட்டினேன்.
வாயைக் குவித்து முதலில் ஊதும்,
மண் விலகியதும் உறிஞ்சும்.
எப்படி இருக்கும் சத்தம்?
குழாயில் தண்ணீர் வருவதற்கு முன்
காற்று வருமே, அப்படி.
நாகர்கோவில்காரர்களுக்கு உடனே புரிந்தது.
எச்சத்தைக் குச்சியால் கிளறினேன்:
கொன்றை விதைகள், வண்டின் சிறகு.
ஒருத்தி மூக்கைப் பொத்திக்கொண்டு
குனிந்து குனிந்து பார்த்தாள்.

பாதை இரண்டாகும் இடம் வந்தது.
இடப்பக்கம் அயனிக் கூட்டம்.
பழம் விழுந்து புளித்த மணம்
இங்கேயே எட்டியது.
நேற்று சாயங்காலம் நான் தனியாகப் பார்த்தேன்:
தாய் ஒன்று. முதுகில் இரண்டு குட்டி,
பைக்கில் பின்னால் ஏறிய பிள்ளைகள் மாதிரி
முன்னதைப் பின்னது கட்டிக்கொண்டு.
அதன் நெஞ்சில் வெள்ளைக் கோடு
ஒருமுறை திரும்பியது.

நான் எட்டுப் பேரையும் வலப்பக்கம் கூட்டிப்போனேன்.
இதில் கருணை என்று ஒன்றும் இல்லை.
எனக்குப் பயம்.

மூன்று மணி நேரம் நடந்தோம்.
மலையணில் இரண்டு. இருவாச்சியின் சிறகோசை,
அதையும் நான் சொன்ன பிறகுதான் கேட்டார்கள்.
மீதியெல்லாம் அட்டை.
முழங்கை நீளத்துக்கு லென்ஸ் வைத்திருந்த
தக்கலைக்காரர் காலுறையை உருவியபடி கேட்டார்:
"அட்டைக்கு ரெத்தம் குடுக்கவா பைசா கெட்டினோம்?"
போன வாரம் வந்தவர்களுக்குத் தெரிந்ததாம்,
போட்டோ பார்த்தாராம்.
காடு மேடம் சொன்னால் கேட்காது என்றேன்.
அந்த இடத்தில் யாரும் சிரிக்கவில்லை.

திரும்பி வந்தபோது அண்ணன்
பானெட்டில் சாய்ந்து கட்டன்சாயா குடித்துக்கொண்டிருந்தார்,
எங்களைப் பார்க்காமல், வலது கன்னம் வெயிலில்.
சின்னப் பிள்ளை ஒன்று "அம்மா" என்றது.
அவ்வளவுதான் சொன்னது.

கண்ணுக்குக் கீழே தொடங்கி
தாடை வரை நான்கு உழவு.
ஐந்தாவது காதை எடுத்துக்கொண்டு போயிருந்தது.

"கரடியா?" என்றார் லென்ஸ்காரர்.
"ம்."
"எங்க வச்சு?"
"நீங்க எறங்கின எடந்தான். பால்வெட்டு.
மூணு மணி இருக்கும். நெத்தியில லைட்டு.
மரத்தச் சுத்தி நான் இங்கோட்டு,
அது அங்கோட்டு."
ஒரு மிடறு குடித்தார்.
"அதுக்கும் பயம், எனக்கும் பயம்.
அது முந்திட்டு."

"கொஞ்சம் வெளிச்சத்துக்குத் திரும்புங்க."

திரும்பினார்.
எட்டுப் பேரும் எடுத்தார்கள்.
லென்ஸ்காரர் முட்டி போட்டு எடுத்தார்.
"சாயா பைசா மட்டும் நீங்க குடுத்துருங்க" என்றார் அண்ணன்.

இறங்கும் வழியெல்லாம்
கரடியைப் பற்றி யாரும் குறை சொல்லவில்லை.
இரண்டு விரலால் அந்தக் கன்னத்தை
விரித்து விரித்துப் பார்த்துக்கொண்டு வந்தார்கள்.
அதன் சொந்தக்காரர் கொண்டை வளைவில்
ஹாரன் அடித்துக்கொண்டிருந்தார்.

சாவடியில் பேரேடு.
கண்ட விலங்குகள், எண்ணிக்கை.
மலையணில்: 2.
அட்டைக்குக் கட்டம் கிடையாது.
கரடி என்ற வரிக்கு எதிரே
பேனா நின்றுவிட்டது.

ஜன்னல் வழியே எட்டிப் பார்த்த அண்ணன்
முதலில் ஏட்டைப் பார்த்தார், பிறகு
என் செருப்பில் ஒட்டியிருந்த
வலப்பக்கத்துச் செம்மண்ணை.

"நாளைக்குப் பதினொண்ணு பேராம் பிள்ளே.
வலத்தோட்டுதானே?"