செவ்வாயின் சுரம்

மார்த்தாண்டம், தேன்கடை மாடி.
பதினோரு வருஷம்.
முதலில் கல்யாண வீடியோ வெட்டினேன்,
பிறகு மற்றவர்களின் இசையை.

முட்டத்துக் கிளாரினெட்காரர் தொபியாஸ்
திங்கட்கிழமை ஓரிடத்தில் பிசகினார்.
செவ்வாயிலிருந்து அதே சுரத்தை எடுத்து ஒட்டினேன்.
விரல் திங்கள், மூச்சு செவ்வாய்.
தையல் தெரியாது.
இயக்குநர் சர்பத் வாங்கிக்கொடுத்தார்.

குளச்சலில் திரையிட்டபோது
அந்த இடத்தில் அவர் மட்டும்
திரையை விட்டுத் திரும்பி
இருட்டில் யாரையோ தேடினார்.
வெளியே வந்து கேட்டார்:
"நான் வாசிச்ச தப்ப எங்க வச்சிருக்க, மக்களே?"

இரவு மாடியேறி
திங்கட்கிழமையைத் திறந்தேன்.
இரைச்சல் என்று நான்
அன்றே அடைத்துவைத்த டிராக்கையும்.

கடல்பக்கம் ஒரு விசைப்படகு ஹாரன் அடிக்கிறது.
தொபியாஸ் கண்ணை மூடியபடி
அரைச்சுரம் இறங்கி
அதோடு போய்ச் சேர்கிறார்.