ஏழு குடித்தனம், ஒரு குழாய்

முதலியார்பேட்டை, சங்கக் கட்டடத்து மாடி.
நாற்காலி நாற்பது, ஆட்கள் பதினொன்று.
பிரேசில் நாட்டுப் பழைய படம்,
கறுப்பு வெள்ளை.
சிரிப்புப் படம் என்று நோட்டீசில் போட்டிருந்தது.

கீழே எழுத்து ஓடும்னாங்களே,
கேட்டார் குடிநீர் வரி கவுண்டர் ழெர்மேன்.
ஃபைல் வேற படத்துது மேடம் என்றான்
லேப்டாப்பைத் தட்டிக்கொண்டிருந்த பையன்.

திரையில் ஒரு வீடு,
ஏழு குடித்தனம், ஒரு குழாய்.
சலூன்காரர் பக்கெட்டோடு நிற்கிறார்.
அவர் முறை வரும்போது
தண்ணீர் நிற்கிறது.
இதற்கு எழுத்து எதற்கு?

வீட்டுக்காரன் தொப்பியோடு வந்து கத்துகிறான்,
கதவை அறைந்து சாத்துகிறான்.
சுவர் ஆடுகிறது.
நிஜமாகவே ஆடுகிறது, ஸ்டுடியோ சுவர்,
அட்டையில் செய்தது.

எங்க ஹவுசிங் போர்டும் இப்பிடித்தான்
என்றான் இருசப்பன்,
மில் மூடியபின் ஆட்டோ ஓட்டுபவன்.
அதோடு விடவில்லை.
தொப்பிக்காரன் வாய் திறந்தபோதெல்லாம்
அவன் பேச ஆரம்பித்தான்:
மூணு மாச வாடகை எங்கய்யா?

சலூன்காரருக்கு நான் பேசினேன்,
எப்படி வந்ததென்று தெரியாது:
அரியர்ஸ் வரட்டும் ஓனர்.
அவர் மனைவிக்கு ழெர்மேன்.
இருபத்தாறு வருஷமாகக் கவுண்டருக்கு அந்தப்பக்கம் நின்றவர்கள்
சொன்ன சாக்கெல்லாம்
அன்றைக்கு அவர் வாயில் வந்தது.
மாமியார் ஜிப்மர்ல இருக்காங்க,
சீட்டுக்காரன் ஓடிட்டான்,
ஒண்ணாந்தேதி, மாதா சத்தியமா ஒண்ணாந்தேதி.

கோட்டுப் பையில் ஒரு காகிதம்.
கோட்டு சலவைக்குப் போய்விட்டது.
ஏழு குடித்தனமும் பின்னால் ஓடுகிறது,
டிராமில், மாடிப்படியில், ஒரு கல்யாண ஊர்வலத்துக்கு நடுவில்.
ரேஷன் கார்டு என்று முடிவு செய்தோம்.
பின்வரிசையில் ஒருவர் எழுந்தே நின்றுவிட்டார்,
கார்டு போச்சே, கார்டு போச்சே என்று.

கிடைச்சிடுச்சு என்றான் பையன்.
இங்கிலீஷ் எழுத்து ஓடியது.
லாட்டரிச் சீட்டாம்.
முதல் பரிசாம்.
யாருக்கும் ஒன்றும் சொல்லத் தோன்றவில்லை.
சலூன்காரர் எங்களுக்குத் தெரியாத யாரோ போல
வாயசைத்துக்கொண்டிருந்தார்.

தம்பி, அத்த எடுத்துடு என்றான் இருசப்பன்.
எடுத்தான்.

கடைசியில் தண்ணீர் வந்தது.
எல்லோரும் குழாயைச் சுற்றி ஆடினார்கள்,
வீட்டுக்காரன்கூட, தொப்பி நனைய.
ஓரமாக, இடுப்பில் பக்கெட்டோடு ஒரு பெண்
ஆடாமல் எங்களைப் பார்த்தாள்.
வெட்டாமல் விட்டுப்போன அரை நொடி.
அவளுக்கு நாங்கள் யாரும் குரல் கொடுத்திருக்கவில்லை.

கீழே மழை. ஆட்டோ கிளம்பவில்லை.
உள்ளே ழெர்மேன், மடியில் கைப்பை.
தள்ளுங்க ஓனர் என்றான்.
நானும் பையனும்
கடலூர் ரோடு சிக்னல் வரை தள்ளினோம்.