நாற்பத்தோராம் நாள்

பிறப்பைப் பதிய நாற்பத்திரண்டு நாள் தருகிறது சட்டம்.
அவர்கள் வந்தது நாற்பத்தோராம் நாள்,
மாலை நாலு மணி,
பென்சான்ஸ் பதிவகத்தின் வெந்நீர்க் குழாய்கள்
முனகிக்கொண்டிருந்தன.

அவள் லவ்டே. நியூலின் ஏலக்கூடத்தில்
மீன் எடை குறிப்பவள்.
அவன் ஹெட்லி. பனிக்கட்டி லாரி ஓட்டுகிறான், இப்போது.
அந்த 'இப்போது' அவன் சொன்னதுதான்.
போன குளிர்காலம் வரை படகில் போனவன்.
இருவர் காலுக்கும் நடுவே
தரையில் ஒரு கூடை. அதற்குள் உறக்கம்.

பெயர்? என்றேன், பேனாவைத் திறந்து.

மொர்வென்னா, என்றாள்.
இல்லை, என்றான்.

எனக்கு இது பழக்கம்தான்.
மாமியார் பெயரா சினிமாக்காரி பெயரா என்று
என் மேசைமேலேயே சண்டை பிடித்துப்
பெயரில்லாமல் திரும்பியவர்கள் உண்டு.
இவன் குரல் உயரவில்லை.
மொர் என்றால் கடல், என்றான்.
சாப்பிட வா என்றும் தூங்கப் போ என்றும்
நாள் முழுக்க
அதையா நான் வீட்டுக்குள் கூப்பிடுவேன்?

கடல் இல்லை, கன்னி என்றாள் லவ்டே.
வேல்ஸ்காரர் பேச்சில் மொர்வின் என்றால் இளம்பெண்.
பேறுகால விடுதியில் அட்டை கிழிந்த புத்தகம் ஒன்று கிடந்ததாம்.
அதில் எல்லாப் பெண்களும்
ஒளி, மலர், இல்லையென்றால் இளவரசி.

இருவரும் என்னைப் பார்த்தார்கள்,
அரசாங்கத்துக்குத் தெரிந்திருக்கும் என்பதுபோல.

என் படிவத்தில் பொருளுக்குக் கட்டம் கிடையாது.
தேதி, இடம், தகப்பன் தொழில்.
ஆனால் செவ்வாய் இரவுகளில்
மெதடிஸ்ட் கூடம் ஒன்றில் பதினோரு பேரோடு உட்கார்ந்து
செத்துப்போனதாகச் சொல்லப்படும் எங்கள் மொழியை
எழுத்துக் கூட்டிப் படிக்கிறேன்.
காசுக்கு ஆகாத அந்தப் படிப்பை
அன்றுதான் முதன்முதலாகச் செலவழித்தேன்.

கன்னி என்பாரும் உண்டு. அடித்துச் சொல்ல ஆள் இல்லை.
கடல் என்றே வைத்துக்கொண்டாலும்
அது தனியாக வரவில்லை.
மொர், கடல். க்வென், வெண்மை.
ஆசி பெற்றது என்றும் சொல்லலாம்.
கடைசி 'ஆ' மட்டும்
லத்தீனில் எழுதிய துறவி எவரோ ஒட்டிவிட்ட வால்.

க்வென் என்கிறீர்கள், என்றான் ஹெட்லி.
பெயரில் அந்த 'க்' எங்கே?

வலையில் ஓட்டை பார்த்துப் பழகிய கண்.

கெட்டுவிடும், என்றேன்.
இரண்டு சொல் புணரும்போது
பின்னால் வருவதன் தலையெழுத்து சில நேரம் கெடும்.
கடலோடு சேர்ந்தது, ஒலி போயிற்று.
எழுதுவதும் இல்லை, சொல்வதும் இல்லை.
ஆனாலும் அங்கே ஒன்று இருந்தது என்று கொண்டால்தான்
மீதிக்கு அர்த்தம் வரும்.

குழாய் இரண்டு முறை தட்டியது.
லவ்டே குனிந்து,
சரியாகவே இருந்த காலுறையைச் சரிசெய்தாள்.
இவர் அண்ணன் பெயர் கெர்ரன், என்றாள் என்னிடம்,
எடை சொல்லும் குரலில்.
இன்னும் கிடைக்கவில்லை.

நான் மேசையைப் பார்த்தேன். மையொற்றும் தாளில்
யார் யாருடைய பெயர்களோ தலைகீழாக.

நடுவில் ஓர் எழுத்துக்கு இடம் விட முடியுமா,
என்று கேட்டான்.
சட்டப்படி முடியாது, என்றேன்.
சரி, எழுதுங்கள்.

'மொர்' வரை எழுதிப் பேனாவை எடுத்தேன்.
நிப்பில் ஒன்றும் ஒட்டியிருக்கவில்லை;
இருந்தாலும் துடைத்தேன்.
பிறகு மீதி.
பதிவக மை எழுதும்போது நீலம்.
காற்றுப் பட்டுப் பட்டுத்தான் கறுக்கும்.

ஐந்து மணிக்குப் பூட்டப் போகையில்
இன்னும் லாரி நின்றது.
காற்றுக்கு முதுகு கொடுத்து
கூடைக்குள் குனிந்து அவன் ஒரு பெயரைச்
சொல்லிச் சொல்லிப் பார்த்துக்கொண்டிருந்தான்.
உதடு ஒட்டினால் மகள்.
ஒட்டாவிட்டால் அண்ணன்.
சன்னலை முழங்கையால் துடைத்தேன்.
மழை வெளிப்பக்கம்.