அறுபது பாகை

கார்பனுக்குப் பிடித்த கோணம் நூற்றியொன்பதரை.
கைகால் நீட்டிக்கொள்ள அவ்வளவு வேண்டும் அதற்கு.
நான் அறுபதுக்கு மடக்குகிறேன்.
இரண்டு கார்பன், ஒரு நைட்ரஜன், முக்கோணம்.
அசிரிடின்.
சிலேட்டில் எந்தக் குழந்தையும் வரைந்துவிடும்.
குடுவைக்குள்
ஏழு மாதமாக வரைகிறேன்.

மாலையில் இருந்தது.
காலையில் தட்டில் புள்ளி
கீழே இறங்கிக் கிடந்தது.
எங்கிருந்தோ ஒரு சொட்டுத் தண்ணீர் வந்து
வளையத்தைத் திறந்துவிட்டுப் போயிருக்கிறது.
'சேலத்துச் சித்திரையில் ஏதம்மா ஈரம்?' என்கிறார் கைடு.
உங்கள் ஏசி ஒழுகுகிறது சார்
என்று சொல்லவில்லை.

அஸ்தம்பட்டி அறை பத்துக்குப் பத்து.
ஜெசிந்தா, பூவாயி, நான்.
மூன்று பாயையும் நேராக விரித்தால் கதவு திறக்காது.
நடுவில் சிலிண்டர்,
ஒருத்தி தலைமாட்டில் இன்னொருத்தி கால்.
உவமைக்காகச் சொல்லவில்லை,
வாடகை அவ்வளவு.

ஞாயிறு கடைசி பஸ்ஸில் ஏற்காட்டிலிருந்து இறங்குவாள் ஜெசிந்தா.
இருபது கொண்டை ஊசி வளைவு.
பதினொன்றில் குமட்டும், எப்போதும் பதினொன்றில்தான்.
திங்கள் காலை வார்டில்
யாருடைய முன்கையிலோ தோலுக்கடியில்
பென்சிலின் துளி ஏற்றிவிட்டு
தடிக்கிறதா என்று பார்த்து உட்கார்ந்திருப்பாள்.

அதற்குள்ளும் ஒரு வளையம் உண்டு என்றேன், நாலு மூலை.
தொண்ணூறில் முறுக்கி வைத்தது.
கிருமிக்குச் சுவர் கட்டும் கொத்தனின் கையில்
பட்டென்று திறந்து பிடித்துக்கொள்ளும். விடாது.
முறுக்கு இல்லையென்றால் வெறும் தூள்.
'திறந்த பிறகு?'
அவ்வளவுதான். ஒரு முறைதான்.
விளக்கை அணைத்தாள்.
இருட்டில் பூவாயி சொன்னாள்,
'யாராவது காலை எடுங்கடி.'

நேற்று நின்றது.
நூற்றுக்குப் பதினொன்று, அதுவும் ஓரத்தில் மஞ்சள்.
ஆனாலும் நின்றது.
சென்னைக்கு அனுப்பிப் படம் எடுக்க வேண்டும்.
ஐஸ் போட்ட தெர்மாஸில் சிறு குப்பி,
மூடிமேல் மூன்று சுற்று டேப்.
ஐந்து ரோடு கூரியர்க்காரர்
குலுக்கிப் பார்க்கப் போனார், கையைப் பிடித்துவிட்டேன்.

'உடையுமா?'

உடையும் என்றேன்.
கண்ணாடிக் கோப்பைப் படத்தை எடுத்து
நாக்கில் தொட்டு
தலைகீழாக ஒட்டினார்.